துப்பாக்கி தேவைப்படாத மேப்கள்

2008 ஜனவரியில் பிரேசிலில் 'கவுன்டர்-ஸ்ட்ரைக்' என்ற கணினி விளையாட்டுக்குத் தடை வந்தது. கோயாஸ் மாநில நுகர்வோர் பாதுகாப்பு அலுவலர்கள் கடைகளில் இருந்த பெட்டிகளைப் பறிமுதல் செய்தார்கள். அதற்கு முந்தைய அக்டோபரில் மினாஸ் ஜெராய்ஸ் மாநிலத்தில் ஒரு நீதிபதி போட்ட உத்தரவின் விளைவு அது. விளையாட்டு எவ்வளவு ஆபத்தானது என்பதற்கு அதிகாரிகள் ஒரு காட்சியை எடுத்துச் சொன்னார்கள். ரியோ டி ஜெனிரோவின் குடிசைப்பகுதி. போதைப்பொருள் கும்பல் ஐ.நா. பிரதிநிதிகளைக் கடத்தி அங்கே அடைத்து வைத்திருக்கிறது. பின்னணியில் அந்த ஊர் ஃபங்க் பாட்டு ஓடுகிறது.

வால்வ் நிறுவனம் விற்ற பெட்டிக்குள் அந்தக் குடிசைப்பகுதி கிடையவே கிடையாது. 'சிஎஸ்_ரியோ' என்ற அந்த மேப், அதாவது ஆட்டக்களம், ரசிகர் கைவண்ணம்; இணையத்தில் இலவசமாகச் சுற்றிக்கொண்டிருந்தது. நிறுவனம் செய்யாத காட்சிக்காக நிறுவனத்தின் சரக்கு பறிமுதலானது. தடை நீங்க 2009 வரை ஆயிற்று.

சட்டக் கண்ணோட்டத்தில் இது அபத்தம். ஆனால் அந்தக் காலத்து ஆட்டக்காரர்களைக் கேட்டால் அதிகாரிகள் பக்கமும் கொஞ்சம் நியாயம் இருக்கிறது என்பார்கள். ஷூட்டர் வகை விளையாட்டுகளில் நிறுவனம் தருவது எஞ்சின், ஆயுதங்கள், ஆட்கள், சில மேப்கள். அதற்குப் பிறகு எந்த சர்வரில் எந்த மேப் ஓடுகிறதோ அதுதான் அன்றைய ஆட்டம். 1994 முதல் ஏறத்தாழ 2010 வரை உலகெங்கும் பள்ளி, கல்லூரிப் பையன்கள் செய்து குவித்த மேப்களில் கணிசமானவை, சுடுவதற்காக உருவான ஒரு விளையாட்டைச் சுடுதலே இல்லாத வேறு ஏதோ ஒன்றாக மாற்றிவிட்டன. அந்த விநோதங்கள்தான் நிறுவனங்களின் அழகழகான மேப்களைவிட அந்த விளையாட்டுகளைப் பற்றி நமக்கு அதிகம் சொல்கின்றன.

தொடக்கம் 'டூம்'. டெக்சாஸைச் சேர்ந்த ஐடி சாஃப்ட்வேர் 1993 டிசம்பர் 10 அன்று வெளியிட்டது. அதற்கு முந்தைய 'வுல்ஃபன்ஸ்டைன் 3டி'யை ரசிகர்கள் யாரிடமும் கேட்காமலே பிரித்து மேய்ந்திருந்தார்கள். படங்களை மாற்றினார்கள், சுவர்களை நகர்த்தினார்கள். நிறுவனத்தின் தலைமை நிரலர் ஜான் கார்மக்குக்கு அது பிடித்துப்போயிற்று. டூமை எழுதும்போது எஞ்சினைத் தனியாகவும், படம், ஒலி, மேப் எல்லாவற்றையும் 'வாட்' எனப்படும் தனி ஃபைலிலும் வைத்தார். யார் வேண்டுமானாலும் தங்கள் வாட் ஃபைலை மேலே ஏற்றி ஓட்டலாம். மூல விளையாட்டில் ஒரு கீறல்கூட விழாது. நிறுவனத்துக்குள்ளேயே இதற்கு முணுமுணுப்பு இருந்தது. காசு கொடுத்து வாங்கிய பதிப்பில் மட்டுமே ரசிகர் மேப் ஓட வேண்டும் என்ற ஒரே நிபந்தனையோடு விஷயம் முடிந்தது. வியாபாரமாகப் பார்த்தாலும் அது புத்திசாலித்தனம்தான்: இலவசப் பகுதியோடு திருப்தியடைந்திருந்தவர்கள், அடுத்தவர் செய்த மேப்பை ஆடுவதற்காகவே முழுப் பதிப்பை வாங்க வேண்டியதாயிற்று.

கதவைத் திறந்து வைத்தார்களே தவிர, கருவி எதையும் கையில் கொடுக்கவில்லை. ஐடி பயன்படுத்திய எடிட்டர், சாதாரண வீடுகளில் இல்லாத நெக்ஸ்ட் கணினியில் ஓடுவது. ரசிகர்கள் ஃபைலின் உள்ளமைப்பை ஒவ்வொரு பைட்டாக ஆராய்ந்து, 1994 ஜனவரி இறுதிக்குள் டாஸில் ஓடும் 'டியு' என்ற எடிட்டரைக் கொண்டுவந்துவிட்டார்கள். ரசிகர் மேப்களில் முதலாவது என்று கருதப்படும் 'ஒரிஜ்வாட்' 1994 மார்ச் 7 தேதியிட்டது. இரண்டு அறை, நடுவில் ஒரு கதவு, அவ்வளவுதான். அன்றைக்கு அதுவே பெரிய காரியம். ஒரு சுவருக்கு டெக்ஸ்ச்சர் வைக்க மறந்தால் அந்த இடத்தில் முந்தைய காட்சிகளின் எச்சங்கள் ஒன்றின் மேல் ஒன்றாகப் படிந்து, கண்ணாடி மாளிகையில் மாட்டிக்கொண்டது போலத் திரை குழம்பும். டூம் மேப் செய்த ஒவ்வொருவரும் ஒரு முறையாவது அந்தக் குழப்பத்தில் நின்றிருப்பார்கள்.

எடிட்டர் கையில் கிடைத்ததும் ஆயிரக்கணக்கானவர்கள் முதலில் கட்டியது எதை? செவ்வாய் கிரகத் தளத்தையோ நரகத்தையோ அல்ல, அவரவர் வீட்டை. ஹால், சமையலறை, மாடிப்படி, அண்ணன் அறை, அதற்குள் நெருப்பு உமிழும் பூதம். இந்த வகைக்கு 'என் வீடு' வாட் என்றே பெயர் நிலைத்துவிட்டது. டூம் எஞ்சினில் ஓர் அறையின் மேல் இன்னோர் அறை வைக்க முடியாது. தரை, கூரை உயரங்களை மட்டுமே மாற்றலாம். அதனால் மாடி வீட்டுக்காரர்கள் மாடியைப் பக்கத்தில் தனியாகக் கட்டி, படிக்கட்டில் ஒரு டெலிபோர்ட்டரை ஒளித்து வைத்தார்கள். ஆட்டமாகப் பார்த்தால் இவற்றில் பெரும்பாலானவை படு மோசம். நிஜ வீட்டின் நடைவழி, ராக்கெட் லாஞ்சர் ஏந்தியவன் திரும்புவதற்கு ஏற்றதல்ல. ஆனால் ஒருவர் தாம் வாழும் இடத்தை அங்குலம் அங்குலமாக நினைவுபடுத்தி முப்பரிமாணத்தில் எழுப்பி, நண்பனை அழைத்து உள்ளே நடக்க வைப்பது அதற்கு முன் சாதாரண மனிதருக்கு எளிதில் சாத்தியப்படாத ஒன்று. அதற்குப் பரவலாகக் கிடைத்த கருவி பேய் சுடும் விளையாட்டாக அமைந்தது தற்செயல்.

1994 நவம்பரில் வந்த 'ஏலியன்ஸ் டிசி' இதைவிட ஒரு படி மேலே போனது. 'ஏலியன்ஸ்' திரைப்படத்தை வைத்து டூமின் படம், ஒலி, மேப் அனைத்தையும் மாற்றிய முதல் முழு மாற்றம் அது. அதன் முதல் மேப்பில் எதிரி ஒருவர்கூட இல்லை. ஆட்டக்காரர் ஆளில்லாத நிலையத்தில் துப்பாக்கியை நீட்டிக்கொண்டு கடைசி வரை நடக்கிறார், எதுவும் வருவதில்லை. எதுவும் வராததுதான் பயம். தொடங்கிய நொடியிலேயே எதிரியைக் கண்முன் நிறுத்தும் பழக்கத்துக்கு நேர் எதிராக, வெறுமையை வைத்து ஆளை நடுங்க வைக்கலாம் என்று ஒரு ரசிகர் காட்டிவிட்டார். படத்தின் உரிமையாளரான ஃபாக்ஸ் நிறுவனம் அப்போது பேசாமல் இருந்தது. 1997-இல் அதே படத்தை வைத்து 'குவேக்' விளையாட்டுக்கு ரசிகர்கள் ஒரு மாற்றம் செய்யத் தொடங்கியதும் வக்கீல் கடிதம் பறந்தது. ஒரு திட்டம் இப்படி முடங்கினால் அதை 'ஃபாக்ஸ் ஆகிவிட்டது' என்று ரசிகர் வட்டாரம் நெடுநாள் சொல்லிக்கொண்டிருந்தது.

பணமும் சீக்கிரமே மோப்பம் பிடித்து வந்தது. இணையத்திலும் பிபிஎஸ் எனும் டயல்-அப் பலகைகளிலும் கிடந்த நூற்றுக்கணக்கான மேப்களைக் கேட்காமல் அள்ளி, சிடியில் போட்டு விற்ற கம்பெனிகள் உண்டு. டூமுக்கு 'டி!ஸோன்' என்ற தொகுப்பு சக்கைப்போடு போட்டது. அதே வேலையை 'டியூக் நியூகம் 3டி'க்குச் செய்த மைக்ரோ ஸ்டார் என்ற கம்பெனி, ரசிகர்களின் 300 மேப்களை 'நியூக் இட்' என்ற பெயரில் விற்றது. வழக்கு அமெரிக்காவின் ஒன்பதாம் வட்ட மேல்முறையீட்டு நீதிமன்றம் வரை போய் 1998-இல் தீர்ப்பானது. மேப் ஃபைலில் படமே கிடையாது, எந்தப் படத்தை எங்கே வைப்பது என்ற குறிப்பு மட்டும்தான் இருக்கிறது என்பது மைக்ரோ ஸ்டாரின் வாதம். நீதிமன்றம் ஏற்கவில்லை. அந்த மேப்கள் டியூக்கின் கதையைத் தொடர்கின்றன, தொடர்ச்சியை விற்கும் உரிமை மூலக் கதையின் உரிமையாளருக்கே என்றது. தீர்ப்பு இரண்டு கம்பெனிகளுக்கு நடுவில்தான். முன்னூறு மேப்களையும் இரவு பகலாக உட்கார்ந்து செய்தவர்கள் வழக்கில் ஒரு தரப்பாகக்கூட இல்லை.

மறுபக்கம், ரசிகராக நுழைந்து தொழிலாளியாக மாறியவர்களும் உண்டு. 1996-இல் கடைக்கு வந்த 'ஃபைனல் டூம்' முழுக்க ரசிகர்கள் செய்தது. அதன் ஒரு பாதியைச் செய்த டீம் டிஎன்டி குழு அதை இலவசமாக வெளியிட நாள் குறித்திருந்தது. கடைசி நேரத்தில் ஐடி விலைக்கு வாங்கிக்கொண்டது. காத்திருந்த ரசிகர்களுக்கு வந்த கோபம் கொஞ்சநஞ்சமல்ல. மறுபாதியைச் செய்தவர்கள் டாரியோ, மைலோ காசாலி என்ற சகோதரர்கள். டாரியோ பின்னர் வால்வில் சேர்ந்து 'ஹாஃப்-லைஃப்' மேப்களில் வேலை செய்தார்.

1996 ஜூனில் 'குவேக்' வந்ததும் மேப் செய்வது தச்சு வேலையிலிருந்து கட்டட வேலைக்குத் தாவிவிட்டது. இப்போது மாடிக்கு மேல் மாடி கட்டலாம், சாய்தளம் போடலாம், பாலம் அமைக்கலாம். விலையும் அதிகம். எந்த இடத்தில் நின்றால் எந்தெந்த இடங்கள் கண்ணுக்குத் தெரியும் என்பதை முன்கூட்டியே கணக்கிட்டு மேப்புக்குள் எழுதிவைத்தால்தான் அன்றைய கணினி ஈடுகொடுக்கும். 'விஸ்' எனப்படும் அந்தக் கணக்குக்கு வீட்டுக் கணினி மணிக்கணக்கில் எடுத்துக்கொள்ளும். இரவில் ஓட விட்டுத் தூங்கப் போவார்கள். சுவர்களுக்கு நடுவே மயிரிழை இடைவெளி இருந்தாலும் 'லீக்' என்று சொல்லி நின்றுவிடும். பொறுமையற்றவர்கள் மேப் முழுவதையும் ஒரு பெரிய பெட்டிக்குள் வைத்து ஓட்டையை மூடினார்கள். அப்படிச் செய்தால் கணக்கு பயனற்றுப்போய் ஆட்டம் தள்ளாடும். எடிட்டர் விஷயத்தில் மட்டும் நிலைமை மேம்பட்டது: பென் மாரிஸ் எழுதிய 'வேர்ல்ட்கிராஃப்ட்' இந்த வேலையை எளிதாக்கியது. வால்வ் அதை விலைக்கு வாங்கித் தன் எடிட்டராக்கிக்கொண்டது. பிற்காலத்தில் அதற்கு 'ஹாமர்' என்று பெயர்.

இந்த விஸ் கணக்குக்கே சவால் விட்டவை எலி மேப்கள். ஒரு சமையலறை, ஆட்டக்காரர்கள் அதில் எலி அளவு. மேசைக்கால் கோபுரம்போல நிற்கும், குழாயடித் தொட்டி நீச்சல் குளம், மாவு டப்பாவுக்குப் பின்னால் ஒளிந்து நின்று ஸ்னைப்பரால் சுடலாம். கவுன்டர்-ஸ்ட்ரைக்கின் 'டிஇ_ராட்ஸ்' இந்த வகையில் மிகவும் புகழ்பெற்றது. அளவைக் கணக்கிட்டுப் பார்த்தால் வேடிக்கை விளங்கும். ஹாஃப்-லைஃப் எஞ்சினில் மேப்பின் எல்லை மையத்திலிருந்து எந்தப் பக்கமும் 4096 அலகு. ஆக மொத்தம் 8192. நிற்கும் ஆளின் உயரம் 72 அலகு. ஓர் ஐந்து மீட்டர் சமையலறையை அந்த எல்லை முழுவதும் விரித்தால், உள்ளே நிற்பவர் நாலரை சென்டிமீட்டர்கூட இருக்க மாட்டார். எலி என்று பெயர் வைத்தது மிகையல்ல.

சமையலறை என்பது மறைப்பே இல்லாத ஒரே பெரிய அறை. எங்கே நின்றாலும் எல்லாமே தெரியும். விஸ் கணக்கால் எதையும் கழிக்க முடியாது. எஞ்சின் வெறுக்கும் வடிவம் இது. அதனால் எலி மேப் செய்தவர்கள் உண்மையான எலிகள் போகும் வழியிலேயே போனார்கள். சுவருக்குள் பொந்து, அலமாரிக்குப் பின்னால் இடுக்கு, தரைக்கு அடியில் குழாய்ப் பாதை. கணினியின் சுமையைக் குறைக்கப் போட்ட அந்த வழிகளே ஆட்டத்தின் சுவையாகிவிட்டன. 'குவேக் 3' வந்தபோது ஜெர்மானிய காமிக்ஸ் ஓவியர் ஆண்ட்ரியாஸ் என்ட்ரெஸ், 'என்ட்டே' என்ற பெயரில், தோட்டம், சமையலறை, கடை என்று கொழுத்த வண்ணங்களில் வரிசையாக இப்படிச் செய்தார். அவருடைய 'பேட்மேன்' பாத்திரம் முதலில் பத்திரிகை காமிக்ஸில் வந்தது; மேப்களோடு கூடி வளர்ந்து 2007-இல் 'வேர்ல்ட் ஆஃப் பேட்மேன்' என்ற தனி இலவச விளையாட்டாகவே வெளிவந்தது. ஒரு மேப் தன் தாய் விளையாட்டை விட்டுப் பிரிந்து தனிக்குடித்தனம் போன அபூர்வ நிகழ்ச்சி.

கவுன்டர்-ஸ்ட்ரைக்குக்கு வருவோம். மின் லே, ஜெஸ் கிளிஃப் என்ற இருவர் ஹாஃப்-லைஃப் மேல் கட்டி 1999 ஜூனில் விட்ட இலவச மாற்றம். அடுத்த ஆண்டே வால்வின் கைக்குப் போய்விட்டது. அதன் புகழ்பெற்ற மேப்களே ரசிகர் படைப்புகள்தான். 'டிஇ_டஸ்ட்' செய்த டேவ் ஜான்ஸ்டனுக்கு அப்போது பதினாறு வயது. பிரிட்டிஷ் பள்ளி மாணவர். 'டீம் ஃபோர்ட்ரெஸ் 2' என்ற, அப்போது வெளிவராத ஒரு விளையாட்டின் படங்களைப் பார்த்து அதன் மணல் நிறத்தைத் தழுவிச் செய்தார். அந்த விளையாட்டு ஒருவழியாக 2007-இல் வந்தபோது முற்றிலும் வேறு தோற்றத்தில் இருந்தது. நகல் மட்டும் உலகப் புகழோடு மிஞ்சியது.

டஸ்ட் ஒழுங்கான பிள்ளை. நம் ஊர் பிரவுசிங் சென்டர்களில் கவுன்டர்-ஸ்ட்ரைக் 1.6 ஆடிக் காசைத் தொலைத்தவர்களுக்கு வேறு சில பெயர்கள்தான் உடனே நினைவுக்கு வரும்: 'எஃப்ஒய்_ஐஸ்வேர்ல்ட்', 'எஃப்ஒய்_பூல்டே', 'ஏடபிள்யூபி_இந்தியா'. இந்த மேப்களில் வெடிகுண்டும் இல்லை, பிணைக்கைதியும் இல்லை. விளையாட்டின் நோக்கம் என்ன என்பதை எஞ்சின் மேப்பைப் பார்த்துத்தான் தெரிந்துகொள்கிறது. குண்டு வைக்கும் இடம் என்று ஒரு பகுதியை மேப்பில் குறித்திருந்தால் குண்டு வரும், குறிக்காவிட்டால் வராது. இந்த ஓட்டையைப் பிடித்துக்கொண்டு ரசிகர்கள் எல்லாவற்றையும் உருவி எடுத்தார்கள். ஐஸ்வேர்ல்ட் என்பது ஒரு சதுர அறை, நடுவே நான்கு தடுப்புக் கட்டைகள். துப்பாக்கி வாங்கவும் வேண்டாம், தரையிலேயே பரப்பி வைத்திருக்கும். பொறுக்கிக்கொண்டு ஓட வேண்டியதுதான்; ஒரு சுற்று பெரும்பாலும் ஒரு நிமிஷம்கூடத் தாங்காது. மணிக்கணக்கு வாடகை கொடுத்து உட்கார்ந்திருக்கும் பையனுக்கு இதைவிடப் பொருத்தமான மேப் வேறு இல்லை. செத்தால் அடுத்த சுற்றுக்கு நெடுநேரம் காத்திருக்க வேண்டியதில்லை பாருங்கள்.

ஐஸ்வேர்ல்ட், விளையாட்டைச் சுண்டக் காய்ச்சிச் சுடுதலை மட்டும் மிச்சம் வைத்தது. நேர் எதிர்த்திசையில் போனவர்கள் சுடுதலை வெளியே தள்ளினார்கள்.

அவற்றில் உச்சம் 'சர்ஃப்'. 2004 வாக்கில் 'மரியோன்ட்' என்ற புனைபெயருடைய ஒரு ரசிகர், செங்குத்துச் சரிவில் விழாமல் சறுக்கிக்கொண்டே போகலாம் என்பதைக் கவனித்து அதற்காகவே மேப் செய்தார். குவேக் வழிவந்த எஞ்சின்களில் ஒரு விதி உண்டு: சரிவு ஏறத்தாழ 45 பாகையைத் தாண்டினால் அதைத் தரை என்று எஞ்சின் ஏற்காது. தரை இல்லையென்றால் உராய்வும் இல்லை. ஆட்டக்காரர் காற்றில் இருப்பதாகவே கணக்கு. காற்றில் இருப்பவரின் வேகத்தைக் கட்டுப்படுத்தும் சூத்திரத்திலோ இன்னொரு ஓட்டை. அவர் எந்தத் திசையில் அழுத்துகிறாரோ அந்தத் திசையின் வேகத்தை மட்டுமே அது அளக்கிறது, மொத்த வேகத்தை அல்ல. இரண்டு குறைகளும் சேரும் இடத்தில் சர்ஃப் பிறக்கிறது. முன்னால் போகும் விசையைத் தொடவே கூடாது. சரிவு வலப்பக்கம் இருந்தால் வலது விசை, இடப்பக்கம் இருந்தால் இடது விசை. சரிவை நோக்கி அழுத்திக்கொண்டே மவுஸை மெல்லத் திருப்பினால் ஆள் அம்புபோலப் பறப்பார். சர்வரில் காற்று முடுக்கத்தின் அளவு இயல்பாகப் பத்து. சர்ஃப் சர்வர்காரர்கள் அதை நூறு, அதற்கும் மேல் என்று ஏற்றி வைத்தார்கள். இருண்ட வெளியில் மிதக்கும் வண்ணச் சரிவுகள், அவற்றுக்கு நடுவே வளையம் வளையமாகப் பாயும் தீவிரவாதிகளும் கமாண்டோக்களும். கையில் கத்தி இருக்கும், யாரும் யாரையும் குத்த மாட்டார்கள். நேரம்தான் எதிரி.

இது தனி மரமல்ல. குதித்துக் குதித்து வேகம் கூட்டும் 'பன்னி ஹாப்' வித்தை குவேக்கிலேயே தெரிந்திருந்தது. குவேக் 3-இல் 'டிஃப்ராக்' என்ற மாற்றம் அதைப் பந்தயமாக்கியது. கவுன்டர்-ஸ்ட்ரைக்கில் 'கேஇசட்' என்று தொடங்கும் மேப்கள் பாறை, பெட்டி, சட்டம் என்று தாவித் தாவி உச்சியில் உள்ள பொத்தானை அழுத்துவதற்கானவை. டீம் ஃபோர்ட்ரெஸ் கிளாசிக்கில் ஆளைக் கிறுகிறுக்க வைக்கும் எறிகுண்டின் தள்ளுவிசையில் பறப்பதற்கென்றே மேப்கள் இருந்தன. 'அன்ரியல் டோர்னமென்ட்'டில் 'பன்னிட்ராக்'. எஞ்சின் வேறு, நாடு வேறு; வந்து சேர்ந்த இடம் ஒன்றே. நிறுவனங்கள் இதைப் பிழையாகப் பார்த்து அடைக்க முயன்றதும் உண்டு. கவுன்டர்-ஸ்ட்ரைக்கின் 2002-ஆம் ஆண்டுப் பதிப்பொன்று குதித்து இறங்கியதும் வேகத்தைப் பிடித்து இழுத்தது. ஆட்டக்காரர்கள் சர்வரில் ஒரு செருகு நிரலைப் போட்டு அந்தக் கடிவாளத்தைக் கழற்றினார்கள்.

இன்னொரு கிளை, மேப்பைச் சமூக விளையாட்டாக மாற்றியது. 'டெத்ரன்'னில் ஒரே ஒரு தீவிரவாதி. மற்ற எல்லாரும் நீண்ட பாதையில் ஓட வேண்டும். அவர் பக்கவாட்டில் கூடவே நடந்து வந்து பொத்தான்களை அழுத்துவார். தரை பிளக்கும், சுவர் நெருக்கும், கத்திகள் இறங்கும். பொத்தான் எந்தக் கணத்தில் அழுத்தப்படும் என்பது முழுக்க மனித மூளைக்கும் மனித மூளைக்கும் நடக்கும் போர். சிறை மேப்கள் இதையும் தாண்டின. ஓர் அணி கைதிகள், ஆயுதம் கிடையாது. இன்னோர் அணி காவலர்கள். அறைக் கதவு திறந்ததும் காவலர்களில் ஒருவர் மைக்கில் கட்டளையிடத் தொடங்குவார்: வரிசையில் வா, உட்கார், குளத்தைச் சுற்றி ஓடு, கடைசியில் வருபவன் செத்தான். கட்டளையை மீறினால் சுடலாம். மீறாதவனைச் சுட்டால் சர்வர் நிர்வாகி காவலரைத் தண்டிப்பார். இந்த விதிகளில் பெரும்பகுதியை எஞ்சின் அமல்படுத்துவதில்லை. மேப் ஒரு மேடையை மட்டும் கொடுத்தது. சட்டம், வழக்கு, முறையீடு எல்லாவற்றையும் பதின்ம வயதினர் தாங்களே வாய்வழியாக நடத்திக்கொண்டார்கள். அதிகாரம் கையில் கிடைத்த பையன் எப்படி நடந்துகொள்கிறான் என்று பார்க்க விரும்பும் சமூகவியலாளருக்குச் சிறை மேப்பைவிட நல்ல ஆய்வுக்கூடம் கிடைத்திருக்காது.

கலைஞர்களும் வந்தார்கள். 1995-இல் ஆஸ்திரியாவின் லின்ஸ் நகரில் ஆர்ஸ் எலெக்ட்ரானிகா விழாவுக்காக 'ஆர்ஸ்டூம்' செய்யப்பட்டது. விழா நடந்த புருக்னர்ஹவுஸ் அரங்கமே டூம் மேப்பாகியிருந்தது. ஸ்வீடனின் பால்லே டோர்ஸன், டோபியாஸ் பெர்ன்ஸ்ட்ரப் இருவரும் 1996 முதல் 'மியூசியம் மெல்ட்டவுன்' என்ற வரிசையைச் செய்தார்கள். கோபன்ஹேகன் அருகிலுள்ள ஆர்கன் அருங்காட்சியகம், வில்னியுஸின் கலை மையம், ஸ்டாக்ஹோமின் மாடர்னா மியூஸியெட் ஆகியவற்றை டியூக் நியூகம், குவேக், ஹாஃப்-லைஃப் எஞ்சின்களில் கட்டி, அந்தந்த அருங்காட்சியகத்துக்குள்ளேயே கணினியில் வைத்தார்கள். பார்வையாளர் நிற்கும் கூடமும் திரையில் ஓடும் கூடமும் ஒன்று. சுவரில் தொங்கும் ஓவியத்தைத் திரையில் சுட்டுத் தகர்க்கலாம். விமர்சகர்கள் இதில் பெரிய தத்துவம் கண்டார்கள். 'என் வீடு' மேப் செய்த பையன்கள் அதே காரியத்தைக் கொஞ்சமும் தத்துவமில்லாமல் முன்பே செய்துவிட்டார்கள் என்பதைக் குறிப்பிட்டவர்கள் குறைவு.

தெரிந்த இடத்தைக் கட்டும் அந்த அப்பாவிப் பழக்கமே ஒரு கட்டத்தில் ஆபத்தாகிவிட்டது. வீட்டுக்கு அடுத்து மாணவர்கள் கட்டுவது பள்ளிக்கூடம். 1999-இல் கொலம்பைன் பள்ளியில் மாணவர்கள் நடத்திய துப்பாக்கிச் சூட்டுக்குப் பிறகு, அவர்களில் ஒருவர் டூம் மேப் செய்தவர் என்று தெரியவந்தது. அவர் தம் பள்ளியையே மேப்பாகச் செய்து ஒத்திகை பார்த்தார் என்று பரவிய கதைக்குச் சான்று கிடையாது, ஆனாலும் கதைதான் நிலைத்தது. 2007 ஏப்ரலில் வர்ஜீனியா டெக் படுகொலை நடந்த சில வாரங்களுக்குள், டெக்சாஸின் ஃபோர்ட் பெண்ட் பகுதியில் ஒரு மேல்நிலைப் பள்ளி மாணவர் தம் பள்ளியைக் கவுன்டர்-ஸ்ட்ரைக் மேப்பாகச் செய்திருந்தது நிர்வாகத்தின் காதுக்கு எட்டியது. போலீஸ் வீட்டைச் சோதனை போட்டது. அறையில் கிடைத்தது ஒரு சுத்தியல். வழக்குப் பதிவாகவில்லை. ஆனாலும் மாணவரை மாற்றுப் பள்ளிக்கு அனுப்பிவிட்டார்கள். அந்த நாட்களில் நிர்வாகத்துக்கு இருந்த பயம் புரிந்துகொள்ளக்கூடியதே; அந்த முடிவு புரிந்துகொள்ளக்கூடியதல்ல. பள்ளிக்கூடத்தை மேப்பாகச் செய்த பையன்கள் உலகில் எத்தனையோ பேர். அவர்களுக்கு மிக நன்றாகத் தெரிந்த பெரிய கட்டடம் அது ஒன்றுதான்.

செய்தியும் மேப்பாகும். 2011 மே மாதம் ஒசாமா பின்லேடன் கொல்லப்பட்ட சில நாட்களில், அவர் தங்கியிருந்த மதில் வீடு 'எஃப்ஒய்_அபோட்டாபாத்' என்ற மேப்பாகத் தரவிறக்கத்துக்கு வந்துவிட்டது.

இத்தனை விநோதங்களும் பரவியதற்கு ஒரு சின்னத் தொழில்நுட்ப வசதி காரணம். ஹாஃப்-லைஃப் வகை விளையாட்டுகளில் ஒரு சர்வருக்குள் நுழையும்போது அங்கே ஓடும் மேப் நம்மிடம் இல்லையென்றால், சர்வரே அதை அனுப்பிவைக்கும். டயல்-அப் இணைப்பில் பட்டை நகர்வதைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்க வேண்டும் என்பது வேறு விஷயம். சர்வர் பட்டியலில் பெயரைப் பார்த்து, ஆள் நிறைய இருக்கிறார்களே என்று எட்டிப்பார்த்தவர் சர்ஃப் மேப்பில் போய் விழுவார். ஐந்து நொடியில் பள்ளத்தில் விழுந்து சாவார், மறுபடி வருவார், யாராவது எழுத்தில் சொல்லிக்கொடுப்பார்கள். தெரியாத இடத்துக்குள் தடுக்கி விழும் இந்த வாய்ப்புதான் சர்ஃபையும் சிறையையும் வளர்த்தது.

2010-க்குப் பிறகு அந்த வாய்ப்பு சுருங்கியது. பொத்தானை அழுத்தினால் சம பலமுள்ள பத்துப் பேரைத் தேடிப்பிடித்து, அங்கீகரிக்கப்பட்ட சில மேப்களில் ஒன்றில் கொண்டு போய் உட்கார வைக்கும் முறை வந்துவிட்டது. சர்வர் பட்டியல் பின்கட்டுக்குப் போயிற்று. வால்வ் 2011-இல் 'ஸ்டீம் வொர்க்‌ஷாப்'பைத் தொடங்கி ரசிகர் படைப்புகளுக்கு ஒழுங்கான அங்காடி அமைத்துக் கொடுத்தது. தேர்வானவர்களுக்குப் பணமும் கிடைத்தது. வேலைப்பாட்டின் தரம் உயர்ந்ததை மறுக்க முடியாது. ஆனால் போட்டிக்குத் தகுதியான டஸ்ட் போன்ற மேப்தான் அந்த வாசல் வழியே எளிதாக நுழைகிறது. எலிப் பொந்துக்கும் சிறைக்கும் அங்கே யாரும் பரிசு அறிவிப்பதில்லை.

பழையவற்றின் கதியும் ஒரே மாதிரி இல்லை. டூம் ரசிகர்கள் 'ஐடிகேம்ஸ்' என்ற களஞ்சியத்தில் 1994 முதல் வந்தவற்றைத் தேதியோடும், செய்தவரின் குறிப்போடும் பாதுகாத்து வருகிறார்கள். கவுன்டர்-ஸ்ட்ரைக் பக்கம் அந்தக் கட்டுப்பாடு குறைவு. ஐஸ்வேர்ல்டுக்கு எத்தனை நகல்கள், பெயருக்குப் பின்னால் எண் சேர்த்தவை, சுவர் நிறம் மாற்றியவை, கூரை ஏற்றியவை என்று எண்ணி முடியாது. அவற்றில் பெரும்பாலானவற்றில் யார் பெயரும் இல்லை. கம்பைல் செய்த ஃபைல் மட்டும் சர்வருக்கு சர்வர் தாவிப் பிழைத்தது, எடிட்டரில் திறக்கக்கூடிய மூல ஃபைல் செய்தவரின் பழைய ஹார்ட் டிஸ்க்கோடு போயிற்று.

டூம் பக்கத்தின் நினைவாற்றலுக்குப் பலன் 2023-இல் தெரிந்தது. அந்த ஆண்டு மார்ச்சில் வெளிவந்த 'மைஹவுஸ்.வாட்', பெயரிலும் தொடக்கத்திலும் 1990-களின் 'என் வீடு' வகைதான்: இறந்துபோன நண்பன் விட்டுச்சென்ற பழைய மேப் என்று ஒரு முன்கதை, உள்ளே ஒரு சாதாரண மாடி வீடு. கொஞ்ச நேரம் நடந்தால் அறைகள் இடம் மாறுகின்றன, கதவுக்குப் பின்னால் இருக்கக்கூடாத கூடம் இருக்கிறது, அதே வீடு வேறொரு வீடாகிறது. அறை மேல் அறை வைக்க முடியாத பழைய டூமில் மாடிக்காக டெலிபோர்ட்டரை ஒளித்து வைத்தார்களே, அதே தந்திரத்தை இன்றைய எஞ்சினின் வசதிகளோடு பன்மடங்காக்கிக் கட்டிய மேப் இது. டூமை ஒரு நாளும் ஆடியிராதவர்கள்கூட யூடியூபில் மணிக்கணக்கில் நீளும் விளக்க வீடியோக்களில் அந்த வீட்டைச் சுற்றிப் பார்த்தார்கள்.